சில்செஸ்டர்: வயலுக்கு அடியில் ஒரு முழு ரோமானிய நகரம் – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

தென் இங்கிலாந்தில், ரெடிங் நகருக்குத் தென்மேற்கே ஏறத்தாழ 15 கிலோமீட்டர் தள்ளி, சில்செஸ்டர் என்ற சிறு கிராமம் இருக்கிறது. அதன் பக்கத்து வயல்களுக்கு அடியில் கலேவா என்ற ரோமானிய நகரம் முழுதாகக் கிடக்கிறது. ரோமானியப் பேரரசின் மாகாண நகரங்கள் எப்படி உருவாயின, யார் கட்டினார்கள், எப்படி முடிந்தன என்று கேட்பவர்களுக்கு, இந்த ஒரே ஊரை நடுவில் வைத்துப் பதில் சொல்கிறேன். தேவைப்படும் இடத்தில் லண்டன், கோல்செஸ்டர் போன்ற ஊர்களும் வரும்.

ரோம், பொம்பேய் எல்லாம் இருக்கும்போது சில்செஸ்டரை ஏன் பார்க்க வேண்டும்?

ரோமானியர் காலத்துக்குப் பிறகு யாரும் அங்கே மறுபடி ஊர் கட்டவில்லை என்பதுதான் முதல் காரணம். லண்டன், வின்செஸ்டர், கோல்செஸ்டர் எல்லாம் ரோமானிய நகரங்கள்தான். ஆனால் இன்றும் அவை உயிரோடு இருக்கும் நகரங்கள். அங்கே தோண்ட வேண்டுமென்றால் யாராவது ஒரு கட்டடத்தை இடிக்கும்வரை காத்திருக்க வேண்டும். கிடைப்பதும் ஒரு மூலை, ஒரு துண்டு. கலேவாவில் மதிலுக்கு உள்ளே ஏறத்தாழ 40 ஹெக்டேர் நிலம். அதன் கிழக்கு ஓரத்தில் இடைக்காலத்துத் தேவாலயம் ஒன்றும் பக்கத்தில் ஒரு பண்ணையும் உண்டு. மற்றதெல்லாம் புல்வெளியும் வயலும்.

இன்னொரு காரணமும் உண்டு. ரோமானியர் வருவதற்கு முன்பே அங்கே ஊர் இருந்தது. அதனால் ஒரு நகரத்தின் தொடக்கம் முதல் முடிவு வரை ஒரே இடத்தில் அடுக்கடுக்காகப் படிக்க முடிகிறது. எரிமலைச் சாம்பலில் புதைந்த பொம்பேயில் ஒரு நாளின் நிலைமை அப்படியே உறைந்து கிடக்கிறது. சில்செஸ்டரில் இருப்பது ஐந்தாறு நூற்றாண்டு வளர்ச்சியும் தளர்ச்சியும். நகரம் எப்படி வளர்ந்தது என்பதுதான் கேள்வி என்றால், என் பார்வையில் பொம்பேயைவிட இதுதான் நல்ல பாடம்.

மாகாண நகரம் என்றால் எல்லாம் ஒரே மாதிரிதானா?

இல்லை. சட்டப்படியே பல தரங்கள் இருந்தன. மேலே இருந்தது கொலோனியா, அதாவது ஓய்வுபெற்ற படைவீரர்களுக்கு நிலம் கொடுத்துக் குடியேற்றிய ஊர். பிரிட்டனில் முதல் கொலோனியா கோல்செஸ்டர், கி.பி. 49இல் அமைந்தது. அடுத்தது முனிசிப்பியம். வெருலாமியத்தை, அதாவது இன்றைய செயின்ட் ஆல்பன்ஸை, ரோமானிய வரலாற்றாசிரியர் டாசிட்டஸ் அப்படித்தான் குறிப்பிடுகிறார். அதற்கும் கீழே, ஒரு குடிமக்கள் கூட்டத்துக்குத் தலைநகராக இருந்த ஊர்கள். கலேவா இந்த மூன்றாவது வகை. அது அட்ரிபேட்டஸ் என்ற மக்களின் தலைநகர்.

நாம் படங்களில் பார்க்கும் ‘ஸ்கேல் வைத்துக் கோடு போட்ட’ நகரம் பெரும்பாலும் முதல் வகை. அல்ஜீரியாவில் உள்ள டிம்காட் அதற்கு நல்ல உதாரணம். டிராஜன் பேரரசர் கி.பி. 100இல் படைவீரர்களுக்காக வெறும் நிலத்தில் நிறுவிய ஊர் அது. சதுரக் கட்டங்கள், நேர்த் தெருக்கள். ஆனால் அந்த டிம்காட்டே சில தலைமுறைக்குள் சதுரத்தைத் தாண்டி வெளியே பரவியபோது, வெளிப்புறத் தெருக்கள் இஷ்டம்போல வளைந்து நெளிந்துதான் போயின. திட்டம் போட்டவர்கள் ஒரு பக்கம், குடியிருந்தவர்கள் ஒரு பக்கம். மாகாண நகரங்களின் கதை பெரும்பாலும் இந்த இரண்டுக்கும் நடுவில் நடந்ததுதான்.

ரோமானியர் வருவதற்கு முன் கலேவாவில் என்ன இருந்தது?

நிறைய இருந்தது. ரோமானியர் வந்துதான் பிரிட்டனுக்கு ஊர் என்றால் என்ன என்று காட்டினார்கள் என்ற பழைய எண்ணத்தை சில்செஸ்டர் அகழாய்வு அடியோடு மாற்றிவிட்டது.

கி.மு. 1ஆம் நூற்றாண்டின் கடைசி இரண்டு மூன்று பத்தாண்டுகளில் இந்த மேட்டில் ஊர் உருவாகிறது. அட்ரிபேட்டஸ் மக்களின் ஒரு கிளை இன்றைய வட பிரான்ஸில் இருந்தது. அவர்களின் தலைவன் கோமியஸ் முதலில் ஜூலியஸ் சீசருக்கு நண்பன், பிறகு எதிரி. தோற்ற பிறகு கடல் கடந்து பிரிட்டனுக்கு வந்துவிட்டான். அவன் பெயர் பொறித்த நாணயங்கள் தென் இங்கிலாந்தில் கிடைக்கின்றன. பின்னால் வந்த எப்பில்லஸ் என்ற அரசனின் நாணயத்தில் அவன் பெயரோடு ‘ரெக்ஸ்’ என்ற லத்தீன் பட்டமும் கலேவா என்ற ஊர்ப்பெயரின் சுருக்கமும் இருக்கின்றன. அதாவது, ரோமானியப் படை கரையிறங்கப் பல பத்தாண்டுகள் முன்பே, லத்தீனில் தன் ஊர்ப்பெயரைப் போட்டு நாணயம் அடித்த அரசன் அங்கே இருந்தான்.

1997 முதல் 2014 வரை ரெடிங் பல்கலைக்கழகத்தினர், மைக்கேல் ஃபுல்ஃபோர்ட், அமாண்டா கிளார்க் இருவரின் தலைமையில், நகரத்தின் ஒரே ஒரு கட்டத்தைத் தோண்டினார்கள். தெருக்களுக்கு நடுவே உள்ள இப்படிப்பட்ட கட்டத்தை இன்சுலா என்பார்கள். இது 9ஆம் இன்சுலா. ரோமானிய அடுக்குகளை எல்லாம் எடுத்த பிறகு அடியில் தெரிந்தது, திட்டமிட்டுப் போட்ட சந்துகளும் வேலி போட்ட மனைகளும் நீளமான மரக் கூடமும். இத்தாலியில் செய்த மெருகேற்றிய சிவப்புப் பாண்டங்கள், மது வந்த ஜாடிகள் எல்லாம் ரோமானிய வெற்றிக்கு முந்தைய அடுக்குகளிலேயே இருக்கின்றன. கொத்தமல்லி, சோம்பு மாதிரி இருக்கும் டில், செலரி ஆகியவற்றின் விதைகளும் கிடைத்தன. ஒரு பழைய கிணற்றின் சேற்றிலிருந்து ஓர் ஆலிவ் கொட்டையும் வந்தது. சுண்டுவிரல் நகம் அளவுகூட இல்லாத அந்தக் கொட்டைக்குப் பத்திரிகைகளில் கிடைத்த இடம் நியாயமானது. மத்தியதரைக் கடலோரச் சாப்பாடு படையெடுப்புக்கு முன்பே இங்கே வந்துவிட்டது என்பதற்கு அதைவிட நேரான சாட்சி வேண்டியதில்லை.

அப்படியானால் ரோமானியர் செய்ததுதான் என்ன?

கி.பி. 43இல் ரோமானியப் பேரரசர் கிளாடியஸின் படை வந்தது. அதற்குச் சாக்காகச் சொல்லப்பட்டதே இந்த ஊரோடு தொடர்புடைய விஷயம்தான்: அட்ரிபேட்டஸ் அரசன் வெரிக்கா, நாட்டை இழந்து ரோமிடம் உதவி கேட்டு ஓடினான். வெற்றிக்குப் பிறகு இந்தப் பகுதியை ரோம் நேரடியாக ஆளாமல் டோகிடுப்னஸ் என்ற நட்பு அரசனிடம் விட்டுவைத்தது என்பதே ஆய்வாளர்கள் பலரின் கருத்து. அவன் பெயரும் ‘பிரிட்டனின் பேரரசன்’ என்ற பட்டமும் சிச்செஸ்டரில் ஒரு கல்வெட்டில் இருக்கின்றன.

ஊருக்குள் மாற்றம் ஒரே மூச்சில் வரவில்லை. முதலில் வந்தவற்றில் ஒன்று பொதுக் குளியல் கூடம். நீரோ பேரரசர் பெயர் முத்திரையிட்ட ஓடுகளும் கலேவாவில் கிடைக்கின்றன. பிரிட்டனில் வேறெங்கும் அரிதான பொருள் அது. நீரோ ஆண்டது கி.பி. 54 முதல் 68 வரை, ஆக அந்தக் காலத்திலேயே இங்கே பெரிய அளவில் கட்டட வேலை நடந்திருக்கிறது. நேர்கோட்டுத் தெருக்கள் அதற்குப் பிறகுதான், முதல் நூற்றாண்டின் பிற்பகுதியில் வருகின்றன. இது எப்படித் தெரியும்? குளியல் கூடம் தெருக்களோடு ஒத்துப்போகாத கோணத்தில் நிற்கிறது. புதுத் தெரு போட்டபோது அதன் முகப்பு மண்டபத்தில் கைவைக்க வேண்டி வந்திருக்கிறது. ரோடு அகலப்படுத்தும்போது திண்ணை போன வீடுகளை நாமும் பார்த்திருக்கிறோம், அதே கதைதான்.

ஊர் நடுவே சந்தை முற்றமும் அதை ஒட்டிய பசிலிகா என்ற பெரிய நீதி மண்டபமும் முதலில் மரத்தில்தான் எழுந்தன. 2ஆம் நூற்றாண்டில்தான் கல்லில் மாற்றிக் கட்டினார்கள். வட்டரங்கமும் அப்படியே: முதல் நூற்றாண்டில் மரம், 3ஆம் நூற்றாண்டில் கல்.

இதற்கெல்லாம் பணம் கொடுத்தது யார்? ரோமா?

பெரும்பாலும் உள்ளூர்ப் பெரிய மனிதர்கள். ஊர் நிர்வாகம் ஒரு மன்றத்தின் கையில் இருந்தது. சொத்துள்ளவர்கள்தான் உறுப்பினராக முடியும். பதவிக்கு வருபவர் ஊருக்கு ஏதாவது செய்ய வேண்டும் என்பது வழக்கம். வேல்ஸில் உள்ள கேர்வென்ட்டில் கி.பி. 220ஐ ஒட்டிய ஒரு கல்வெட்டு இருக்கிறது. ‘சிலுரஸ் மக்களின் பொது அமைப்பு, மன்றத்தின் தீர்மானப்படி’ முன்னாள் படைத்தளபதி ஒருவருக்குச் சிலை வைத்ததைச் சொல்கிறது. தீர்மானம், நிறைவேற்றம், பெயர்ப்பலகை என்று ஒரு நகராட்சி நடந்ததற்கான நேர்ச் சாட்சி அது.

ஆளுநர்கள் தூண்டிவிட்டார்கள் என்பதும் உண்மைதான். கோயில், சந்தை முற்றம், வீடு எல்லாம் கட்டும்படி பிரிட்டன் ஆளுநர் அக்ரிகோலா மக்களை ஊக்கப்படுத்தினார் என்று அவருடைய மருமகன் டாசிட்டஸ் எழுதியிருக்கிறார். அதே இடத்தில், அறியாத மக்கள் இதை நாகரிகம் என்று சொல்லிக்கொண்டார்கள், அது அவர்களின் அடிமைத்தனத்தின் ஒரு பகுதிதான் என்றும் எழுதுகிறார். ரோமானியர் ஒருவரே இப்படிச் சொல்லிவிட்டுப் போயிருப்பதை நான் மிக முக்கியமாகக் கருதுகிறேன். வெருலாமியத்தின் சந்தை முற்றத்தில் அக்ரிகோலா பெயர் பொறித்த கல்வெட்டின் துண்டுகளும் கிடைத்திருப்பதால், டாசிட்டஸ் சொன்னது வெறும் மாமனார் புகழ்ச்சி என்று தள்ளிவிட முடியாது.

தெருவுக்குக் கோணலாக ஒரு வீடு இருந்ததாகச் சொல்கிறார்களே, அது என்ன?

இந்த ஊரைப் பற்றிப் பேசும்போது எனக்கு மிகவும் பிடித்த விஷயம் இது.

9ஆம் இன்சுலாவின் பழைய வரைபடத்தைப் பாருங்கள். தெருக்கள் வடக்கு-தெற்காகவும் கிழக்கு-மேற்காகவும் போகின்றன. மற்றக் கட்டடங்கள் ஒழுங்காகத் தெருவைப் பார்த்து நிற்கின்றன. நடுவில் ஒரு வீடு மட்டும், ‘வீடு 1’ என்று எண்ணிட்டது, குறுக்காக, ஏறத்தாழ 45 பாகைத் திருப்பத்தில் உட்கார்ந்திருக்கிறது. இவ்வளவு கச்சிதமான ஊரில் ஏன் இப்படி?

பதில் அடியில் இருந்தது. ரோமானியருக்கு முந்தைய ஊரின் சந்துகள் வடகிழக்கு-தென்மேற்காகவும் வடமேற்கு-தென்கிழக்காகவும் போயின. வீடு 1 அந்தப் பழைய சந்துகளின் திசையில் நிற்கிறது. மேலே புதுத் தெரு போட்டாயிற்று, ஊருக்கு லத்தீன் நிர்வாகம் வந்தாயிற்று, மர வீடு போய்க் கல் அடித்தள வீடு வந்தாயிற்று. ஆனாலும் அந்த மனைக்குச் சொந்தக்காரர்கள் திசையை மாற்றவில்லை. 3ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் இடித்துவிட்டுத் தெருவுக்கு நேராகப் புது வீடுகள் கட்டும்வரை அப்படியே இருந்தது. ஏறத்தாழ முந்நூறு ஆண்டுகள், குடும்பமோ குலமோ, யாரோ அந்த இடத்தின் மேல் ஓர் உரிமையை விடாமல் பிடித்திருந்திருக்கிறார்கள். அவர்கள் பெயர் எந்தக் கல்லிலும் இல்லை. சுவர் நின்ற கோணம்தான் அவர்களைப் பற்றிப் பேசுகிறது.

அதே இன்சுலாவில், ரோமானிய ஆட்சி வந்து ஒரு தலைமுறை கடந்த பிறகும் செவ்வக வீடுகளுக்குப் பக்கத்திலேயே பழைய பாணி வட்ட வீடுகளிலும் ஆட்கள் குடியிருந்திருக்கிறார்கள். ‘ரோமானிய நகரம்’ என்ற சொல்லைக் கேட்டதும் மனதில் எழும் சித்திரத்தில் இந்த வட்ட வீடுகளையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

முழு நகரத்தையும் நூறு ஆண்டுகளுக்கு முன்பே தோண்டிவிட்டார்கள் என்கிறார்களே? மறுபடி எதற்கு?

உண்மை. லண்டன் தொல்பொருள் கழகத்தினர் 1890 முதல் 1909 வரை, மதிலுக்கு உட்பட்ட பகுதி ஏறத்தாழ முழுவதையும் பார்த்துவிட்டார்கள். ஜார்ஜ் ஃபாக்ஸ், வில்லியம் செயின்ட் ஜான் ஹோப் ஆகியோர் முன்னின்று நடத்தினார்கள். ஒரு ரோமானிய நகரத்தின் முழு வரைபடத்தை வெளியிட்டது அந்தக் காலத்துக்குப் பெரிய சாதனை. இன்றும் பாடநூல்களில் அந்த வரைபடம்தான் வருகிறது.

ஆனால் அவர்கள் தோண்டிய முறையைப் பார்க்க வேண்டும். கட்டத்துக்குக் குறுக்கே இணையான நீளக் குழிகள் வெட்டுவார்கள். கல் சுவர் தட்டுப்பட்டால் அதைப் பிடித்துக்கொண்டே போவார்கள். சுவர் முடிந்தால் வேலையும் முடிந்தது. மரத்தூண் மக்கிப்போன இடத்தில் மண்ணின் நிறம் மட்டும்தான் மாறியிருக்கும். அது அவர்கள் கண்ணில் படவில்லை. இதனால் அந்த வரைபடத்தில் பெரிய பெரிய வெற்றிடங்கள். அதைப் பார்த்தவர்கள் ‘கலேவா ஒரு தோட்ட நகரம், வீடுகள் தள்ளித் தள்ளி இருந்தன’ என்று பல காலம் சொல்லிவந்தார்கள். பிறகு 9ஆம் இன்சுலாவை மண்ணடுக்கு அடுக்காகப் பிரித்தபோது, அந்த வெற்றிடங்களில் மர வீடுகளும் அடுப்புகளும் பட்டறைகளும் குப்பைக் குழிகளும் நெருக்கியடித்துக்கொண்டு இருந்தது தெரியவந்தது. ஏழைகளும் தொழிலாளிகளும் வாழ்ந்த இடங்கள்தான் வரைபடத்தில் காலியாக விடுபட்டிருந்தன.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். எல்லாக் காலத்து மண்ணையும் ஒரே குழியில் பார்த்துவிட்டு வரைந்ததால், 1ஆம் நூற்றாண்டுக் கட்டடமும் 4ஆம் நூற்றாண்டுக் கட்டடமும் அந்த வரைபடத்தில் பக்கத்துப் பக்கத்து வீடுகளாக நிற்கின்றன. அப்படி ஒரு நகரம் எந்த நாளிலும் இருந்ததில்லை. இருந்தாலும் அந்த ஆட்கள் மேல் எனக்குக் கோபம் இல்லை. அவர்கள் பெரும்பாலும் ஆழமாகப் போகாததால்தான் அடியில் இருந்த பழைய ஊர் நமக்கு மிஞ்சியது.

சில்செஸ்டரில் கிடைத்த வெண்கலக் கழுகு ரோமானியப் படைப்பிரிவின் சின்னமா, இல்லையா?

இல்லை என்பதுதான் இன்றைய முடிவு. 1866இல் ஜேம்ஸ் ஜாய்ஸ் என்ற பாதிரியார் பசிலிகாவில் எரிந்த அடுக்கு ஒன்றில் அதைக் கண்டெடுத்தார். ஒரு சாண் உயரம்கூட இல்லாத, சிறகுகள் இழந்த வெண்கலக் கழுகு. ரோமானியப் படைப்பிரிவின் கொடிச்சின்னத்தைக் கடைசி நேரத்தில் ஒளித்துவைத்திருக்கிறார்கள் என்று அவர் நினைத்தார். உண்மையில் அது ஜூபிட்டர் கடவுளுடைய, அல்லது ஒரு பேரரசருடைய சிலையின் பகுதியாக இருந்திருக்க வேண்டும். இறகுகளை ஒவ்வொன்றாகச் செதுக்கிய வேலைப்பாடு அபாரமானது. அதன் மதிப்புக்குப் படைக்கதை எதுவும் தேவையில்லை.

காலத்தை எப்படிக் கணிக்கிறார்கள்?

நாணயம், பானை ஓடு, மரம், மண்ணடுக்கு. இவை நான்கும் ஒன்றையொன்று சரிபார்க்க வேண்டும். நாணயம் ‘இந்த ஆண்டுக்கு முன் இல்லை’ என்று மட்டும் சொல்லும். அது எத்தனை ஆண்டு புழங்கியது என்று சொல்லாது. பிரான்ஸ் பகுதியில் செய்த சிவப்பு மெருகுப் பாண்டங்களில் குயவர் முத்திரை இருப்பதால், பத்து இருபது ஆண்டு இடைவெளிக்குள் காலத்தைச் சொல்ல முடியும். மரம் கிடைத்தால் இன்னும் துல்லியம். லண்டனின் பௌல்ட்ரி பகுதியில் கிடைத்த ஒரு வடிகாலின் மரத்தை, வளர்ச்சி வளையங்களை எண்ணி, கி.பி. 47இல் வெட்டியது என்று கண்டுபிடித்தார்கள். லண்டனின் பிறந்த ஆண்டைப் பற்றிய பேச்சே அதிலிருந்துதான் தொடங்குகிறது.

சில ஊர்களில் இயற்கையாகவே ஒரு காலக்குறி இருக்கிறது. கி.பி. 60-61இல் ரோமுக்கு எதிராகப் பூடிக்கா என்ற பிரிட்டன் அரசி நடத்திய கிளர்ச்சியில் கோல்செஸ்டர், லண்டன், வெருலாமியம் மூன்றும் எரிந்தன. களிமண் சுவர்கள் வெந்து சிவந்த அந்த அடுக்கு இன்றும் அடித்தளம் தோண்டும்போது பட்டையாகத் தெரிகிறது. அதற்குக் கீழே இருப்பது கிளர்ச்சிக்கு முந்தியது, மேலே இருப்பது பிந்தியது.

சாதாரண மக்களைப் பற்றி ஏதாவது தெரியுமா?

அரசர்களைப் பற்றித் தெரிந்ததைவிட அதிகம் தெரியும் என்றே சொல்வேன்.

கிணறுகளை எடுத்துக்கொள்ளுங்கள். ஊருக்குள் கிணறுகள் நிறைய. பல கிணறுகளுக்கு உறை என்ன தெரியுமா? பழைய மது பீப்பாய். அடிப்பலகையைத் தட்டிவிட்டு ஒன்றன்மேல் ஒன்றாக இறக்கியிருக்கிறார்கள். பீப்பாயின் மரம் பிரிட்டனில் வளராத வெள்ளி ஃபிர். ஆல்ப்ஸ் போன்ற மலைப்பகுதிகளிலிருந்து மதுவோடு வந்தது. குடித்து முடித்ததும் வீணாக்காமல் கிணற்றுக்குப் போட்டுவிட்டார்கள். நீர்மட்டத்துக்குக் கீழே காற்றுப் படாததால் பலகைகள் அழியாமல் நம் காலம்வரை வந்துவிட்டன. 1895இல் ஒரு தண்ணீர் பம்பும் கிடைத்தது: மரக்கட்டைக்குள் இரண்டு ஈய உருளைகள் வைத்து, மாறி மாறி அழுத்தித் தண்ணீரை மேலே ஏற்றும் கருவி.

அப்புறம் ஓடுகள். சூளையில் வைக்கும் முன் வெயிலில் காயவைத்த ஈர ஓடுகளின்மேல் நாய் நடந்திருக்கிறது, குழந்தை மிதித்திருக்கிறது, ஆணி அடித்த செருப்பு போட்ட ஒருவரும் போயிருக்கிறார். அந்தத் தடங்களோடே சுட்டுக் கூரைக்கு அனுப்பிவிட்டார்கள். ஒரு ஓட்டில் ஈரத்திலேயே யாரோ எழுதிப் பழகியிருக்கிறார்: சில ஆட்களின் பெயர்கள், கடைசியில் ‘எல்லோரும் மௌனமானார்கள்’ என்று பொருள்படும் இரண்டு லத்தீன் சொற்கள். ரோமானியக் கவிஞர் வெர்ஜிலின் காவியத்தில் இரண்டாம் பகுதியின் முதல் சொற்கள் அவை. பேரரசின் வடமேற்கு மூலையில் ஒரு ஓட்டுச் சூளையில், பள்ளிப்பாடத்தில் வரும் கவிதை வரி ஒருவர் நினைவில் இருந்திருக்கிறது. இதை முதலில் படித்தபோது எனக்கு ஏற்பட்ட மகிழ்ச்சி இன்னும் குறையவில்லை.

லண்டனில் எழுத்துப் பலகைகள் கிடைத்ததாகக் கேள்விப்பட்டேன். அதுவும் இந்த வகையா?

ஆம், நகரம் வேறு, அதிர்ஷ்டம் ஒன்றே: ஈரமண். 2010 முதல் 2014 வரை புளூம்பெர்க் நிறுவனக் கட்டடத்துக்காகத் தோண்டியபோது, புதைந்துபோன வால்புரூக் ஓடையின் சேற்றில் 400க்கு மேற்பட்ட மரப்பலகைகள் கிடைத்தன. மெழுகு பூசி, எழுத்தாணியால் எழுதிய பலகைகள். மெழுகு போய்விட்டது, ஆணி மரத்தில் பதிந்த கீறல் மட்டும் மிச்சம். அவற்றில் ஒன்று கி.பி. 57 ஜனவரி 8ஆம் தேதியிட்ட கடன் பத்திரம். ஊர் தோன்றிப் பத்து ஆண்டுக்குள் கடனும் கணக்கும் தொடங்கிவிட்டன. படைமுகாமாகப் பிறக்காமல் வியாபாரிகளால் வளர்ந்த ஊர் லண்டன் என்பதற்கு இந்தப் பலகைகள் பெரிய வலு.

மதில் பகைவருக்கு அஞ்சிக் கட்டியதா?

முதலில் கி.பி. 200ஐ ஒட்டி மண் கரை போட்டார்கள். 3ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் அதன் முன்புறம் கல் மதில் எழுப்பினார்கள். சுற்றளவு ஏறத்தாழ 2.4 கிலோமீட்டர், அடியில் கிட்டத்தட்ட 3 மீட்டர் அகலம். சக்கிமுக்கிக் கல்லை அடுக்கி, இடையிடையே பலகைக் கல் வரிசை வைத்த கட்டுமானம். சில இடங்களில் இன்றும் 4 மீட்டருக்கு மேல் நிற்கிறது. பாதுகாப்பு ஒரு காரணம்தான். வாயிலில் வரி வாங்கவும், பக்கத்து ஊர்களுக்குத் தங்கள் அந்தஸ்தைக் காட்டவும் அது உதவியிருக்கும். பல கட்டங்களில் நிதானமாகக் கட்டியதைப் பார்க்கும்போது, பயந்தடித்துப் போட்ட சுவராக எனக்குத் தோன்றவில்லை.

நகரம் எப்படி முடிந்தது? எரித்தார்களா?

எரிக்கவில்லை. மெல்ல மெல்லத் தளர்ந்தது. 3ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியிலேயே பசிலிகாவுக்குள் இரும்புப் பட்டறைகள் வந்துவிட்டன. நீதி மண்டபத்தில் கொல்லுலை என்றால் வீழ்ச்சி என்று சிலர் எழுதுவார்கள். எனக்கு அப்படிப் படவில்லை. அதே சமயத்தில் மதில் எழுகிறது, வீடுகள் புதிதாகக் கட்டப்படுகின்றன. ஊரின் தேவை மாறியது, கட்டடத்தின் உபயோகமும் மாறியது.

கி.பி. 410ஐ ஒட்டி ரோமானிய நிர்வாகம் பிரிட்டனிலிருந்து விலகிய பிறகும் 9ஆம் இன்சுலாவில் ஆட்கள் இருந்தார்கள். பிறகு கிணறுகளைத் தூர்த்திருக்கிறார்கள். 1893இல் அப்படிப்பட்ட ஒரு குழியிலிருந்து குட்டையான கல்தூண் ஒன்று வெளிவந்தது. அதில் அயர்லாந்துக்காரர்கள் பயன்படுத்திய ஓகம் என்ற கோட்டெழுத்தில் ஒருவரின் பெயரும் குலமும் வெட்டியிருந்தன. ஐரிஷ் பேசிய ஒருவர் இந்த ஊரின் கடைசிக் காலத்தில் இங்கே வாழ்ந்திருக்கிறார்.

பக்கத்து ஊர்கள் பிற்காலத்தில் அரசர்களுக்கோ ஆயர்களுக்கோ இருப்பிடமாகி மறுபடி எழுந்தன. கலேவாவுக்கு அது நடக்கவில்லை. பெரிய ஆறு எதுவும் பக்கத்தில் இல்லை. ரோமானியச் சாலைகள் கூடும் சந்தி என்பதுதான் அதன் பலம். சாலைப் போக்குவரத்து ஓய்ந்ததும் அந்தப் பலம் போய்விட்டது.

அங்கே கிறிஸ்தவத் தேவாலயம் இருந்ததா?

சந்தை முற்றத்துக்குப் பக்கத்தில் 1892இல் ஒரு சிறு கட்டடம் கிடைத்தது. அமைப்பைப் பார்த்தால் 4ஆம் நூற்றாண்டுத் தேவாலயம் போலவே இருக்கிறது. ஆனால் உள்ளே உறுதியான கிறிஸ்தவச் சின்னம் எதுவும் இல்லை. ‘இருக்கலாம்’ என்பதோடு நிறுத்திக்கொள்வதே சரி.

இந்த நகரங்களுக்கும் தமிழகத்துக்கும் ஏதாவது தொடர்பு உண்டா?

நேரான தொடர்புகள் இரண்டு சொல்லலாம். ஒன்று, ஆய்வு முறை. 1930களின் தொடக்கத்தில் வெருலாமியத்தைத் தோண்டியவர்கள் மார்ட்டிமர் வீலரும் அவர் மனைவி டெஸ்ஸா வீலரும். அதே வீலர் 1944இல் இந்தியத் தொல்லியல் துறைத் தலைவராக வந்து, 1945இல் புதுச்சேரிக்கு அருகில் அரிக்கமேட்டைத் தோண்டினார். அங்கே கிடைத்த இத்தாலியச் சிவப்புப் பாண்டத்தின் காலம் தெரியும் என்பதால், அதே அடுக்கில் கிடைத்த உள்ளூர்ப் பானைகளுக்கும் காலம் சொல்ல முடிந்தது. கலேவாவின் ரோமானியருக்கு முந்தைய அடுக்குகளில் கிடைப்பதும் அதே வகைப் பாண்டம்தான். ஒரே நாட்டுப் பட்டறைச் சரக்கு ஒரு பக்கம் பிரிட்டனுக்கும் மறு பக்கம் சோழமண்டலக் கரைக்கும் போயிருக்கிறது.

இரண்டாவது, மிளகு. பிரிட்டனின் வட எல்லையில் உள்ள விண்டோலாண்டா கோட்டையில் கிடைத்த மரச்சீட்டுக் கணக்கு ஒன்றில், ஒரு வீரர் பெயருக்கு நேராக மிளகுக்கு 2 டெனாரியஸ் (ரோமானிய வெள்ளி நாணயம்) என்று குறித்திருக்கிறது. யவனர் பொன்னோடு வந்து கறியோடு, அதாவது மிளகோடு, திரும்பினார்கள் என்று அகநானூறு பாடும் சேரநாட்டு முசிறியின் கரையிலிருந்து போன சரக்கு அது.

நேரில் பார்க்க முடியுமா? மெட்டல் டிடெக்டர் கொண்டுபோகலாமா?

பார்க்கலாம், கட்டணம் இல்லை. மதிலைச் சுற்றி நடக்கப் பாதை இருக்கிறது. வட்டரங்கத்துக்கு உள்ளேயே போகலாம். மதிலுக்குள் கட்டடங்கள் எதுவும் வெளியே தெரியாது, தோண்டியதையெல்லாம் மறுபடி மூடிவிட்டார்கள். வறண்ட கோடையில் போனால் மட்டும், அடியில் உள்ள தெருக்களின்மேல் பயிரோ புல்லோ சீக்கிரம் காய்ந்து கோடுகளாகத் தெரியும். 16ஆம் நூற்றாண்டிலேயே வில்லியம் கேம்டன் என்ற அறிஞர், குறுக்கும் நெடுக்குமாகச் சில கோடுகளில் தானியம் சரியாக விளைவதில்லை, அவை பழைய தெருக்கள் என்று உள்ளூர்க்காரர்கள் நினைக்கிறார்கள் என எழுதிவைத்தார். அவர்கள் நினைத்தது சரிதான்.

மெட்டல் டிடெக்டரை வீட்டிலேயே வைத்துவிடுங்கள். இது சட்டப்படி பாதுகாக்கப்பட்ட இடம். அனுமதி இல்லாமல் அதைப் பயன்படுத்துவது 1979ஆம் ஆண்டுச் சட்டப்படி குற்றம். கழுகு, பம்பு, ஓடுகள், ஓகம் தூண் பற்றி மேலும் அறிய விரும்பினால் ரெடிங் அருங்காட்சியகத்தில் சில்செஸ்டருக்கென்றே ஒரு தனிக் கூடம் உண்டு. முதலில் அங்கே போய்விட்டுப் பிறகு மதிலைச் சுற்றினால், வெறும் வயலாகத் தெரியும் இடத்தில் எது எங்கே இருந்தது என்று பிடிபடும்.